மாடியில் குடியிருக்கும் முன்நன்றி சபை

மதிப்புக்குரிய அக்காவுக்கும், அக்காவைக் கட்டிக்கொண்டதாலேயே இரட்டிப்பு மதிப்புக்குரிய அத்தானுக்கும் தம்பி வணங்கி எழுதுவது. இங்கே நானும் இவளும் சுகம். அத்தானைச் சுகமில்லாமல் இருக்க நீ விடமாட்டாய் என்பதால் தனியாக விசாரிக்கவில்லை.

நேற்று போனில் நீ கடைசியாகக் கேட்ட கேள்வி, "அதுங்க இன்னும் மாடியிலதான் இருக்குதா?" என்பது. ஆமாம், இருக்கிறார்கள். இருப்பார்கள். ஏன் என்று போனில் சொல்லலாமென்றால், உன்னிடம் எனக்கு மூன்று வார்த்தைக்கு மேல் இடம் கிடைத்ததில்லை. கடிதத்தில் நீ குறுக்கே பேச முடியாது. அதனால்தான் பேனாவை எடுத்தேன்.

மாடியைக் கேட்டு வந்தவர், கடைத்தெருவில் மூக்குக்கண்ணாடிக் கடை வைத்திருக்கும் அம்மா. நான் கதவைத் திறந்ததும், "மாடியைக் கொடுத்ததுக்கு ரொம்ப நன்றிங்க" என்றார். நான் இன்னும் என்ன விஷயம் என்றே கேட்கவில்லை. "யாரும்மா கொடுத்தா?" என்றேன். "நீங்கதான். இன்னும் கொடுக்கல, அவ்வளவுதான்" என்றார்.

அப்புறம்தான் விளக்கம் வந்தது. அவர்களுக்கென்று ஒரு மதமாம். முன்நன்றி சபை என்று பெயராம். காலம் நம்மைப் பின்னாலிருந்து தள்ளிக்கொண்டு போவதில்லையாம். எதிரிலிருந்து நம்மை நோக்கி வந்துகொண்டிருக்கிறதாம். நடக்கப்போவதெல்லாம் அங்கே நடந்து முடிந்தாயிற்று, நம்மிடம் வந்து சேரத்தான் நேரமாகிறது, ஆகவே நன்றியை முதலிலேயே சொல்லிவிட வேண்டுமாம். "வாங்கிட்டுச் சொன்னா அது வெறும் மரியாதைங்க. வர்றதுக்கு முன்னாடி சொன்னாத்தான் பக்தி. நீங்க பஸ் டிப்போவுல டைம்கீப்பரா இருந்தவர், உங்களுக்குத் தெரியாததா? முந்தின ஸ்டாப்பை விட்டுக் கிளம்பின பஸ் வந்துதானே ஆகணும்?" என்றார். "கிளம்பின பஸ்ஸெல்லாம் வந்து சேர்ந்திருந்தா என் தலையில முடி இருந்திருக்கும்மா" என்றேன். அதற்கும் ஒரு நன்றி சொன்னார். சரி, கொடுத்துத் தொலைத்தேன். நன்றி சொல்லிவிட்டவரை எப்படித் திருப்பி அனுப்புவது?

அன்றைக்குப் பிடித்தது சனி, அக்கா. படிக்கட்டில் லைட் போட்டதற்கு நன்றி என்றார்கள்; போட்டேன். மாடிக்குத் தனியாகத் தண்ணீர்த் தொட்டி வைத்ததற்கு நன்றி என்றார்கள். பல்லைக் கடித்துக்கொண்டு வைத்தேன். ஞாயிற்றுக்கிழமை காலையானால் பத்துப் பன்னிரண்டு பேர் நாற்காலிகளை இழுத்துப் போட்டு உட்கார்ந்து, வராத சம்பளத்துக்கும் பிறக்காத பிள்ளைக்கும் மாறி மாறி நன்றி சொல்லுவார்கள். அதில் ஒரு பிளம்பர் உண்டு. எதைச் சரிபண்ணினாலும் ஒரு சொட்டு மிச்சம் வைப்பான் என்பதால் அவனுக்குச் சொட்டு என்றே பெயர். என்னைப் பார்த்தாலே, "கோபப்படாம இருந்ததுக்கு நன்றி சார்" என்பான். எதற்கு என்று உள்ளே போய்ப் பார்த்தால்தான் தெரியும். இவளோ கீழே நின்றுகொண்டு, "நன்றி சொல்லியே நம்மள மொட்டையடிக்குதுங்க" என்று அவர்கள் காதில் விழும்படி திட்டித் தீர்ப்பாள்.

அப்படி ஒரு ஞாயிற்றுக்கிழமைதான் இவளுக்குப் பக்கவாதம் வந்தது. அது உனக்குத் தெரிந்த கதை. தெரியாதது ஒன்று உண்டு. அடுப்படியில் இவள் சரிந்ததும் எனக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. ஊருக்கெல்லாம் விசிலடித்து வண்டி கிளப்பினவன், சொந்த வீட்டில் ஒரு கூப்பாடு போடத் தெரியாமல் நின்றேன். பாத்திரம் விழுந்த சத்தம் கேட்டு மாடியே இறங்கி வந்தது. சொட்டின் வேனில் குழாய்களுக்கு நடுவில் இவளைக் கிடத்தினார்கள். கண்ணாடிக்கடை அம்மா இவள் தலையை மடியில் வைத்துக்கொண்டு, "பிழைச்சதுக்கு நன்றிக்கா, பிழைச்சதுக்கு நன்றிக்கா" என்று ஆஸ்பத்திரி வரை சொல்லிக்கொண்டே வந்தார். வாயை மூடம்மா என்று கத்தத் தோன்றியது எனக்கு. சீக்கிரம் கொண்டுவந்ததால்தான் காப்பாற்ற முடிந்தது என்று டாக்டர் சொன்னபோது அந்த அம்மா முகத்தைப் பார்க்க முடியவில்லை.

கையும் காலும் கொஞ்சம் கொஞ்சமாகத் திரும்பின. பேச்சு திரும்பவில்லை. வரலாம், வராமலும் போகலாம் என்றுவிட்டார்கள். இவள் பேசாத வீட்டை நீயே வந்து பார்த்தாய்; நீகூட அன்றைக்குக் கொஞ்சம் மெதுவாகத்தான் பேசினாய். பேச்சுப் பயிற்சி கொடுக்கிற பெண் படம் போட்ட அட்டைகள் தந்திருந்தாள். நான் கழுதைப் படத்தைக் காட்டி "இது யாரு?" என்பேன், இவள் விரலை நீட்டி என்னைக் காட்டுவாள். வேறு வழியில்லாமல் நானே பேச ஆரம்பித்தேன். டிப்போக் கதை, என்னோடு மல்லுக்கு நின்ற கண்டக்டர்கள் கதை, கல்யாணமான புதிதில் இவளிடம் சொல்ல நினைத்துத் தொண்டையோடு நின்றுபோனது, எல்லாம்.

சபை சும்மா இருக்குமா? சாயங்காலமானால் அந்த அம்மா இறங்கி வந்து, "எங்களை வாய் நிறையத் திட்டினதுக்கு ரொம்ப நன்றிக்கா" என்பார். இவள் கண்ணில் தண்ணீர் முட்டும். ஒருநாள் எனக்குத் தாங்கவில்லை. "பேச முடியாதவகிட்ட இது என்ன விளையாட்டு? முதல்ல மாடியைக் காலி பண்ணுங்க!" என்று கத்திவிட்டேன். அந்த அம்மா ஒரு நன்றிகூடச் சொல்லாமல் படியேறினார். அதுதான், அக்கா, என்னை அறுத்தது.

மறுநாள் மாடியில் நாற்காலிகளை அடுக்கும் சத்தம் கேட்கிறது, இங்கே அடுப்படிக் குழாய் ஒழுகுகிறது. வெட்கத்தை விட்டுச் சொட்டைக் கூப்பிட்டேன். வந்தான். "குழாய் சரியானதுக்கு நன்றி சார்" என்று ஸ்பேனரால் ஒரு திருகு திருகினான். குழாய் கையோடு வந்துவிட்டது. தண்ணீர் கூரைக்கு அடித்தது. அவன் உள்ளங்கையால் அடைத்தான், பக்கவாட்டில் பீறிட்டது. நான் துண்டை வைத்து அமுக்கினேன், துண்டு பறந்தது. கண்ணாடிக்கடை அம்மா ஓடிவந்து வாளியை ஏந்தினார். அந்த அறையில் நனையாதது அந்த வாளி ஒன்றுதான். அப்போது பின்னாலிருந்து ஒரு குரல்:

"அட மடையா! மெயினை மூடுடா!"

யாரென்று திரும்பிப் பார்த்தோம். இவளேதான், அக்கா! நாற்காலியை விட்டு எழுந்து, விரலை நீட்டிக்கொண்டு. அப்புறம் என் பக்கம் திரும்பி, "நீங்க என்ன... வேடிக்கை பாக்கறீங்க?" என்றாள். சொட்டு அழுதான். நானும் அழுதேன். அந்த அம்மா வாயைத் திறந்து, மூடி, "இதுக்குத்தான் எப்பவோ சொல்லிட்டமே, இப்ப என்ன சொல்றது?" என்று திகைத்து நின்றார். மெயினை மட்டும் யாரும் மூடவில்லை. கடைசியில் இவளே சுவரைப் பிடித்துக்கொண்டு போய் மூடினாள்.

அதற்குப் பிறகுதான் உனக்குப் போன் போட்டு இவள் கையில் கொடுத்தேன். "அண்ணி" என்றதும் நீ அழ ஆரம்பித்துவிட்டாய். மாடியேறிப் போய், காலி பண்ண வேண்டாம் என்று சொன்னேன். "அதுக்கு நேத்தே நன்றி சொல்லிட்டோம்" என்றார்கள். டாக்டர், பயிற்சியின் பலன் என்கிறார். இருக்கட்டும். அன்றைக்கு அவர்கள் இறங்கி வராமல் போயிருந்தால் திட்டுவதற்கு இவளே இருந்திருக்க மாட்டாள். எனக்கு அவர்கள் மதம் பிடிபடவில்லை. ஆனாலும் முன்னால், பின்னால், எப்போது சொன்னாலும் என் நன்றி அவர்களுக்குப் போதாது. குழாய் கொடுத்த பேச்சு என்றாலும், அந்தக் குழாயும் சபையின் கைவரிசைதானே?

அத்தானுக்கு என் வணக்கம். பிள்ளைகளுக்கு எங்கள் ஆசி. கேட்டு நடக்கிற வயதைத் தாண்டிவிட்டார்கள், இருந்தாலும் கொடுத்துவிடு. கோபத்தை அங்கேயே வைத்துவிட்டு ஒரு நடை வந்து போ.

உன் அன்புத் தம்பி

பி.கு.: கவரை ஒட்டுவதற்குள் இவள் கடிதத்தைப் பிடுங்கிப் படித்துவிட்டாள். குழாய்க்கும் பேச்சுக்கும் சம்பந்தமே இல்லையாம். பேச்சு அதற்கு வெகுநாள் முன்பே வர ஆரம்பித்து, குளியலறையில் தண்ணீரைத் திறந்துவிட்டுத் தனியாகப் பேசிப் பார்த்துக்கொண்டிருந்தாளாம். சாயங்காலங்களில் கண்ணில் முட்டிய தண்ணீர்கூட, சிரிப்பை அடக்கியதால் வந்ததாம். "அடிப்பாவி, ஏன்டி என்கிட்ட சொல்லல?" என்றேன். "கல்யாணமாகி இத்தனை வருஷத்துல நீங்க இவ்வளவு பேசி நான் கேட்டதே இல்ல. நான் வாயைத் திறந்தா நீங்க மூடிக்குவீங்களேன்னுதான்" என்றாள். மாடியில் இதைச் சொல்லவில்லை. நீயும் மூச்சு விடாதே. எதிரில் உட்கார்ந்துகொண்டு, விட்ட இடத்திலிருந்து சொல்லுங்கள் என்கிறாள். ஆகையால் இத்துடன் நிறுத்துகிறேன்.