இடைவேளைத் தகப்பன்

காக்கை, குருவி, மைனா என்று பறவைகளை வகை பிரித்து எழுதி வைத்தவர்கள் அப்பாக்களை ஏனோ விட்டுவிட்டார்கள். ராஜபாளையம் வட்டாரத்தில் மட்டும் ஏழெட்டு வகை தேறும். அவற்றுள் சினிமா தியேட்டர்களின் பக்கம் அதிகம் தென்படுவது இடைவேளைத் தகப்பன் என்னும் வகை. பார்ப்பதற்குச் சாது. படம் முடிந்து வீட்டுக்கு வரும்போதுதான் ஆபத்து.

உங்களுக்கு அந்தப் படம் தெரியும். எந்தப் படம் என்று கேட்காதீர்கள். எண்பதுகளில் வெள்ளிக்கிழமைக்கு ஒன்றாக வந்த படம்தான். தகப்பன் கிழிந்த பனியனோடு மூட்டை சுமப்பான், வண்டி இழுப்பான், கல் உடைப்பான், மூன்றையும் ஒரே பாட்டில் செய்து முடிப்பான். அந்தப் பாட்டு முடிவதற்குள் மகன் அரை டிரவுசரிலிருந்து பெல்பாட்டத்துக்கு வளர்ந்துவிடுவான். வளர்ந்தவன் தலை வாருவதைத் தவிர வேறு வேலை பார்க்க மாட்டான். தகப்பன் இருமுவான், மகன் சீட்டாடுவான், தகப்பன் இன்னும் பலமாக இருமுவான், கடைசியில் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு மாடிப்படியில் உருளுவான். இடைவேளை. முறுக்கு, டீ. அதற்குப் பிறகு மகன் திருந்துவது, தொழிற்சாலை கட்டுவது, அதற்கு அப்பா பெயர் வைப்பது எல்லாம் நம்மவருக்கு முக்கியமில்லை. இடைவேளை வரைக்கும் திரையில் இருமுவது தான்தான் என்பது அவருடைய நம்பிக்கை.

சங்கரலிங்கத்தை எடுத்துக்கொள்ளுங்கள். நூல் மில்லில் இருபத்தெட்டு வருஷமாக மெஷின் பார்க்கிறவர். அறுந்த இழையை ஓடுகிற மெஷினிலேயே முடிச்சுப் போட்டுவிடுகிற விரல்கள் அவருக்கு. ஆரம்ப காலத்தில் மெய்யாகவே பாடுபட்டார். அதை நாம் மறுக்க வேண்டாம். ஆனால் எந்தப் பாட்டுக்கும் ஒரு முடிவு உண்டல்லவா? சங்கரலிங்கத்தின் பாட்டு முடிந்து பத்து வருஷம் ஆகிவிட்டது. அது அவருக்குத் தெரியாது.

தகப்பன் படம் வந்தால் முதல் நாளே போய்விடுவார். இடைவேளையில் கண் சிவக்க வெளியே வருவார். டீயை வாங்கிக் கையில் வைத்துக்கொண்டு குடிக்காமல் நிற்பார். தெரிந்தவர் யாராவது, "என்ன அண்ணாச்சி, படம் எப்படி?" என்று கேட்டால், "படமாய்யா இது? எங்க வீடு" என்பார்.

இதில் ஒரு சின்னச் சங்கடம். படம் வெள்ளிக்கிழமை. மில்லும் வெள்ளிக்கிழமை ஓடுகிறது. மேட்னி இரண்டரை மணிக்கு. இவருடைய ஷிப்ட் முடிவதோ நாலு மணிக்கு. என்ன செய்வார் மனிதர்? உழைக்கும் தகப்பனைப் பார்ப்பதற்காக வேலைக்கு மட்டம் போடுவார்.

மட்டம் போட்டால் மெஷின் சும்மா நிற்குமா? நிற்காது. அதற்கென்றே மில் கேட்டில் தினமும் காலையில் பதிலி ஆட்கள் நிற்பார்கள். உள்ளே யார் வரவில்லையோ அவர் இடத்துக்கு மேஸ்திரி ஒருவரைக் கூப்பிட்டுக்கொள்வார். அந்த வரிசையில் மூன்று வருஷமாக நிற்கிறவன் காளிராஜ். மேஸ்திரி அவனைப் பார்த்ததும் சிரிப்பார்.

"ஏலே காளி, உங்கப்பனுக்கு இன்னைக்கும் வயித்து வலியாம்லே. போ, போய் நில்லு."

காளிராஜ் யார் என்பதை இனிமேலும் சொல்ல வேண்டியதில்லை. அப்பாவின் மெஷினில் அப்பாவுக்காக எட்டு மணி நேரம் நின்றுவிட்டு, வீட்டுக்கு வந்து சாப்பிட்டு, பாயில் சாய்வான். அந்த நேரம் பார்த்து சங்கரலிங்கம் படம் விட்டு வருவார். வாசலில் நிற்பார். மகனைப் பார்ப்பார். துண்டால் கண்ணைத் துடைப்பார்.

"ஆவுடை, இங்க வந்து பாரு. வெளக்கு வைக்கிற நேரத்துல தூங்குதான். அதே பய! அப்படியே அந்தப் படத்துல வந்த அதே பய!"

"அவன் உங்க மெசின்லதான நின்னுட்டு வாரான்?" என்பாள் அவர் மனைவி ஆவுடையம்மாள்.

"அது என் வேலைட்டி! என் வேலையை இவன் பார்த்தா அது இவன் வேலையாயிருமா?"

இந்தக் கேள்விக்குப் பதில் உங்களிடம் இருக்கிறதா?

தொண்ணூறுகள் பிறந்ததும் படங்கள் கட்சி மாறிவிட்டன. இப்போது நான்கு பையன்கள் பாலத்துச் சுவரில் உட்கார்ந்து பாட்டுப் பாடினார்கள். வேலை தேடுவது அவமானம், கிடைக்காமல் இருப்பது கவிதை. தகப்பன் என்பவன் காலையில் எழுந்து "தண்டச்சோறு" என்று திட்டுவதற்காக மட்டும் வேஷ்டி கட்டிக்கொண்டு வருகிற கோமாளி. அவன் திட்டும்போது கொட்டகையே சிரித்தது. சங்கரலிங்கம் அப்படி ஒரு படத்தில் அரை மணி நேரம் உட்கார்ந்திருந்தார். பிறகு எழுந்து, திரைக்கு முதுகைக் காட்டிக்கொண்டு வெளியே நடந்தார். அன்றிலிருந்து பழைய படம் எங்கே ஓடினாலும் பஸ் ஏறிப் போய்ப் பார்த்தார். அதற்கும் லீவு வேண்டும். காளிராஜுக்கு வேலை கூடியது.

இப்படியே போயிருந்தால் யாருக்கும் நஷ்டமில்லை. காளிராஜுக்குக் கல்யாண வயது வந்ததுதான் வம்பாயிற்று. கூமாப்பட்டியிலிருந்து வந்த முதல் பெண் வீட்டார் காபி குடித்துவிட்டுப் போனார்கள், பதில் இல்லை. உள்ளூர்க்காரர்கள் காபியைப் பாதியிலேயே வைத்துவிட்டுப் போனார்கள். காரணம் சங்கரலிங்கத்துக்குப் புரியவில்லை. மகனைப் பற்றி அவர் உண்மையைத்தானே சொன்னார்?

மூன்றாவதாக வந்தது ஸ்ரீவில்லிபுத்தூர் சம்பந்தம். பெண் நாச்சியார். அவளைக் காளிராஜ் ஆண்டாள் கோயில் தேரோட்டத்தில் ஒரு தடவை பார்த்திருக்கிறான். அதற்குப் பிறகு பாயில் சாய்ந்தாலும் அவனுக்குச் சட்டென்று தூக்கம் வருவதில்லை என்பது ஆவுடையம்மாளுக்கு மட்டும் தெரியும். அன்று காலையிலேயே புருஷனிடம் கெஞ்சிச் சொல்லிவிட்டாள்.

"அவிய வந்தா வாங்கன்னு சொல்லுங்க. அம்புட்டுத்தான். அதுக்கு மேல ஒரு வார்த்தை பேசக் கூடாது."

"நான் என்னத்தட்டி பேசப் போறேன்?" என்றார் சங்கரலிங்கம். விருந்தாளிகளை வரவேற்க அவர் லீவு போட்டிருந்தார். ஆகவே மாப்பிள்ளை மில்லில் இருந்தான்.

நாலு மணிக்குப் பெண்ணின் தாய் முத்தாத்தாளும் தாய்மாமன் சமுத்திரமும் பஸ்ஸில் வந்து இறங்கினார்கள். சமுத்திரம் மடியில் ஒரு கிலோ பால்கோவா. காபி வந்தது. மழையைப் பற்றி இரண்டு வார்த்தை. பிறகு சமுத்திரம் சாதாரணமாகத்தான் கேட்டார்.

"மாப்ள என்ன வேலை பாக்காரு?"

சங்கரலிங்கம் எழுந்தார். அடுப்படியிலிருந்து ஆவுடையம்மாள் எட்டிப் பார்த்தாள். அவர் சுவரைப் பார்த்துத் திரும்பி நின்றுகொண்டார். இந்தத் தகப்பன்கள் முக்கியமான வசனத்தை யார் முகத்தையும் பார்த்துப் பேசுவதில்லை.

"வேலையா? இந்தக் கையைப் பாருங்க. இருபத்தெட்டு வருசம். ஒழைக்கதுன்னா என்னன்னு இந்தக் கைக்குத் தெரியும். அவனுக்கு என்ன தெரியும்? நான் ஓடா தேஞ்சேன், அவன் உக்காந்து தின்னான்..."

"இங்கேருங்க, செத்த நேரம் சும்மா இருங்க!" என்று உள்ளேயிருந்து குரல் வந்தது. அணை உடைந்தபின் யார் தடுப்பது? இத்தனை வருஷத்து வசனம் மொத்தமும் வந்தது. கடைசியில் ஒரு இருமல்கூட வந்தது. நீட்டுவதற்காகத் தூக்கிய பால்கோவாப் பொட்டலம் சமுத்திரத்தின் மடிக்கே திரும்பிப் போனது.

அப்போது காளிராஜ் உள்ளே வந்தான். சைக்கிளை வேகமாக மிதித்ததில் மூச்சு வாங்கியது.

"பாத்தீகளா?" என்றார் சங்கரலிங்கம். "அவனைப் பாக்க ஆள் வந்திருக்கு. தொரை வார நேரத்தைப் பாத்தீகளா?"

சமுத்திரம் எழுந்துவிட்டார். முத்தாத்தாள் எழவில்லை. ஜின்னிங் பாக்டரியில் பதினெட்டு வருஷம் பஞ்சு பொறுக்கிப் பெண்ணை வளர்த்தவள் அவள்.

"தம்பி, இங்க வாங்க."

அவன் குனிந்தான். அவனுடைய புருவத்திலிருந்து எதையோ கிள்ளி எடுத்து, இரண்டு விரலால் உருட்டிப் பார்த்தாள். பஞ்சு. காது மடலிலும் பஞ்சு. தலைமுடியில் அரைத் தலையணைக்குத் தேறும்.

"எந்த மெசின்ல நின்னீக?"

காளிராஜ் அப்பாவைப் பார்த்தான். சொல்லலாமா என்று யோசித்தான். "அப்பா மெசின்ல, அத்தை. அப்பா இன்னைக்கு லீவு."

"போன வாரம்?"

"போன வெள்ளிக்கிழமையும் அப்பா லீவு. படம் மாத்தியிருந்தாங்க."

முத்தாத்தாள் சங்கரலிங்கத்தின் முகத்தை நிமிர்ந்து பார்த்தாள். பளிச்சென்ற நெற்றி. விபூதி. எண்ணெய் தடவிச் சீவிய புருவம். ஒரு நூல் பஞ்சு இல்லை.

"அண்ணே, உக்காரு" என்றாள் சமுத்திரத்திடம். "பால்கோவாவைக் குடு. மாப்ளையை எனக்குப் புடிச்சிருக்கு." பிறகு குரலைத் தாழ்த்திக்கொள்ளாமலே சொன்னாள்: "சம்பந்திதான் கொஞ்சம் பொறுப்பில்லாம ஊர் சுத்துதாரு. அதனால என்ன? வீட்டுல ஒரு கல்யாணம் ஆயிட்டா பொறவு திருந்திருவாரு."

உள்ளே பாத்திரம் விழுந்த சத்தம் கேட்டது. அது பாத்திரமல்ல, ஆவுடையம்மாளின் சிரிப்பு என்று பிற்பாடு தெரிந்தது.

சங்கரலிங்கத்துக்கு வலித்தது. உண்மையாகவே நெஞ்சில்தான் வலித்தது. கையை அங்கே கொண்டுபோனார்; யாரும் கவனிக்கவில்லை. எல்லோரும் பால்கோவா தின்றுகொண்டிருந்தார்கள். கொஞ்ச நேரம் நின்று பார்த்தார். பிறகு தாமும் ஒரு விள்ளல் எடுத்துக்கொண்டார்.

மறுநாள் டீக்கடையில், "கடைசியில பய திருந்திட்டாம்யா. எல்லாம் என் வளர்ப்பு" என்று அவர் சொன்னதாகக் கேள்வி. அடுத்த வெள்ளிக்கிழமை மேஸ்திரி மறுபடி சிரித்தாராம்.

நீங்களும் சிரிக்கிறீர்கள். நல்லது. நமக்கு மில்லும் கிடையாது, மேட்னியும் கிடையாது என்கிறீர்கள். ஆனால் இதைப் படிக்கச் சாய்ந்து உட்கார்ந்தீர்களே, இந்த நேரத்தில் உங்கள் வேலையை யார் பார்த்துக்கொண்டிருக்கிறார்கள்? சும்மா ஒரு குரல் கொடுத்துப் பாருங்கள். மகனோ மகளோ வந்து நின்றால், இந்தக் காலத்துப் பிள்ளைகளுக்கு என்று வாயைத் திறப்பதற்கு முன்னால், முதலில் அவர்களுடைய புருவத்தைப் பாருங்கள்.