இடமில்லை என்கிறது, எடையும் குறையவில்லை

எஹலியகொட,
செவ்வாய்க்கிழமை.

அன்பு மகன் பிரதீபனுக்கு, தேயிலைத் தோட்டத்து லய வீட்டிலிருந்து அப்பா சிவனு எழுதுவது.

இங்கே நானும் உன் அம்மா மருதாயியும் சுகம் என்று முதலில் எழுதுவதுதான் முறை. அந்த முறைக்காகச் சுகம். கத்தாரில் நீ வெயிலில் அதிகம் நிற்காமல் நல்லபடியாக இருக்க நம் மாரியம்மனிடம் சொல்லி வைத்திருக்கிறேன். வட்ஸ்அப் இருக்கும்போது கடிதம் எதற்கு என்று நினைப்பாய். வட்ஸ்அப்பில் நான் கால் மணி நேரம் பேசி அனுப்பினால் நீ ஒரு கட்டைவிரல் படத்தை அனுப்புகிறாய். இந்த விஷயத்துக்குக் கட்டைவிரல் போதாது.

விஷயம், நீ டீவிக்குக் கீழே விட்டுப்போன கேம் பெட்டியைப் பற்றியது. போன புதன்கிழமை காலை அதைத் தூசு தட்டிக்கொண்டிருந்தபோது திரையில் ஓர் அறிவிப்பு வந்தது. பெட்டியில் இடம் போதாதாம், எதையாவது அழித்தால்தான் அம்மாவின் பண்ணை விளையாட்டுக்கு வந்திருக்கும் புதுச் சாமான்களை இறக்க முடியுமாம். நீதான் புறப்படுவதற்கு முந்திய வாரம் அவளை உட்காரவைத்து அந்த விளையாட்டைப் பழக்கினாய். அதற்குப் பிறகு இந்த இரண்டு வருஷத்தில் அவள் என்ன செய்து வைத்திருக்கிறாள் என்று உனக்குத் தெரியாது. தினமும் பகல் இரண்டு மணியிலிருந்து நாலு மணிவரை, நான் கண்ணை மூடி யோசிக்கும் நேரத்தில், அதில்தான் இருப்பாள். இடையில் நான் எட்டிப் பார்த்த அளவில் சொல்கிறேன், மூன்று ஏக்கர். பன்னிரண்டு மாடு, சுற்றிவரப் பூசணி, ஓடைப்பக்கம் வாழை, ஓடு போட்ட தனி வீடு. தேயிலையும் நடலாம், ஆனால் ஒரு கன்றுகூட நடவில்லை. கழுதை ஒன்று இருக்கிறது, அதற்கு ஒரு பெயரும் வைத்திருக்கிறாள், அந்தப் பெயரை நான் இங்கே எழுதப் போவதில்லை. ஒரு வீடு நிற்கும் அளவுக்கு ஏழு பேர்ச்சஸ் காணி தருகிறோம் என்று சொல்லி நம் ஆட்களை எத்தனை தடவை படிவம் நிரப்ப வைத்தார்கள் என்பதை நீயே பார்த்திருக்கிறாய். முப்பத்தெட்டு வருஷம் கொழுந்து எடுத்தவளுக்குச் சொந்தமென்று கிடைத்த நிலம் அந்தப் பெட்டிக்குள் இருப்பதுதான். அதனால் இடப் பிரச்சினையை நானே தீர்ப்பது என்று முடிவுசெய்தேன்.

“சும்மா நோண்டாதீங்க. ஜீவராணி அஞ்சு மணிக்கு வந்துரும், கேட்டுக்கலாம்” என்றாள் அம்மா. பக்கத்துக் காம்பராவில் இருக்கும் ஜீவராணி டவுனில் போட்டோகொப்பிக் கடையில் வேலை செய்வதால் இவளுக்கு அவள்தான் பெரிய இஞ்சினியர்.

“தேயில ஸ்டோர்ல ரோலர் மெஷின நான் யாருகிட்ட கேட்டுப் படிச்சேன்? இங்கிலீஷ் புஸ்தகத்த வச்சு நானே படிச்சேன்.”

“அதத்தான் நானும் சொல்றேன். கேட்டிருந்தா ரெண்டு வெரல் நகம் மிஞ்சியிருக்கும்.”

இப்படிப்பட்ட ஆதரவோடுதான் நான் வேலையைத் தொடங்கினேன். முதலில் எனக்குப் புரியாதது இந்த இடம் என்பது எங்கே இருக்கிறது என்பதுதான். நம் காம்பரா பன்னிரண்டடிக்குப் பத்தடி. அதில் கட்டில் எங்கே, அலுமாரி எங்கே, விறகு எங்கே என்று இருட்டிலும் எனக்குத் தெரியும். இந்தப் பெட்டி ஒரு பாண் ரொட்டி அளவுதான் இருக்கிறது. அதற்குள் மூன்று ஏக்கர் எப்படிக் கிடக்கிறது, மாடுகள் படுத்திருக்கின்றனவா நிற்கின்றனவா, பூசணி பெரிதானால் பெட்டி கனக்குமா என்றெல்லாம் யோசனை வந்தது. காதை வைத்துக் கேட்டேன், காற்றாடிச் சத்தம் மட்டும்தான். பெட்டி வந்த அட்டை இன்னும் அலுமாரிக்கு மேலேதான் இருக்கிறது. அதில் ஐந்நூறு ஜீபி என்று பெரிதாகப் போட்டிருக்கிறது. உள்ளே போய்ப் பார்த்தால் நானூற்றெட்டுத்தான் இருக்கிறது. மீதி தொண்ணூற்றிரண்டைப் பெட்டி தன் சொந்தத் தேவைக்கு என்று கழித்துக்கொண்டதாம். எனக்கு உடனே கொழுந்து நிறுக்கும் இடம்தான் ஞாபகம் வந்தது. கூடைக்கு இரண்டு கிலோ, மழை ஈரத்துக்கு இரண்டு கிலோ என்று கழித்துவிட்டு, கடைசியில் நிறை காணாது என்று உன் அம்மாவுக்கு அரைப்பேர் போடுவார்கள், அதாவது நாள் முழுக்க மலையில் நின்றவள் அரை நாள்தான் வேலை செய்தாள் என்று செக்ரோல் பதிவேட்டில் ஏறும். அன்று கேட்க முடியாமல் போனதை இன்று ஒரு பெட்டியிடமாவது கேட்டே தீருவது என்று பட்டது.

எடை பார்க்காமல் எதையும் இறக்கக் கூடாது என்பது ஸ்டோரில் நான் படித்த பாடம். பெட்டியைக் கட்டில் விரிப்பில் சுற்றிக்கொண்டு ஒன்பதரை பஸ்ஸில் டவுனுக்குப் போய், பாக்கும் மிளகும் வாங்கும் கபூர் நானாவின் கடையில் வைத்தேன்.

“என்ன சிவனண்ணே, பாக்கா?”

“கேம் பெட்டி. நிறுத்துத் தாங்க.”

“இத கிலோ கணக்குல யாரு வாங்குற?”

“விக்க வரல்ல. நெறஞ்சு போச்சுன்னு சொல்லுது. நெறஞ்சப்ப எவ்வளவு, காலி பண்ணுனப்ப எவ்வளவுன்னு பாக்கணும்.”

நானா கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிவிட்டுப் பெட்டியைத் தட்டிப் பார்த்தார். “உள்ளுக்கு ஈக்கிறது படம்தானே. படத்துக்கு என்ன எடை?”

“அதத்தான் பாக்கப் போறேன்.”

இரண்டு கிலோ எண்ணூற்று நாற்பது கிராம். அவரே ஒரு துண்டுத்தாளில் எழுதிக் கையெழுத்தும் போட்டுத் தந்தார். நான் படியிறங்கும்போது, “காலி பண்ணிட்டு மறக்காமக் கொண்டாங்க. எனக்கும் இப்ப ஒரு மாதிரி ஈக்கி” என்றார். விஷயம் தெரிந்துகொள்ளும் ஆசை உள்ள மனிதர்.

வீட்டுக்கு வந்து பட்டியலைத் திறந்தேன். உன் பெயருக்குக் கீழே மட்டும் எழுபத்தொரு ஜீபி வீடியோப் படங்கள் இருந்தன. ஒன்றைப் போட்டுப் பார்த்தேன். யாரோ ஒரு மட்டையாளன் முதல் பந்திலேயே ஸ்டம்பைப் பறிகொடுக்கிறான். அடுத்ததிலும் அதே ஆள், அதே மாதிரி. மூன்றாவதில் அடிக்காமலேயே ஓடி நடுவழியில் அவுட்டாகிறான். இப்படி எழுநூறுக்கு மேல் இருக்கின்றன. இந்தக் குப்பையையெல்லாம் எதற்காகச் சேர்த்து வைத்தாய் என்று எனக்கு விளங்கவில்லை. அந்த ஆளுக்குக் கிரிக்கெட்டே தெரியவில்லை. கிரிக்கெட் விளையாட்டை நான் அழிக்கவில்லை, அது கைக்கும் கண்ணுக்கும் நல்லது என்று கேள்வி. நான் விளையாடுவதில்லை. தூசு தட்டும்போது சில சமயம் கைபட்டு இரண்டொரு ஓவர் ஓடிவிடும், அவ்வளவுதான்.

பிறகு யார் யார் பெயர் பதிந்திருக்கிறது என்று பார்த்தேன். மூன்று பேர். ஒன்று நீ. இரண்டாவது விருந்தாளி, அதில் ஒன்றுமில்லை. மூன்றாவது, ஒரு வெள்ளைக் கோழிப் படம் மட்டும். அதைத் தொட்டால் நாலு இலக்க ரகசிய எண் கேட்கிறது. என் பிறந்த வருஷத்தைப் போட்டேன், கல்யாண வருஷத்தைப் போட்டேன், ஒன்றும் சரிவரவில்லை. கம்பெனிக்காரன் நம்மைக் கவனிக்க வைத்திருக்கும் ஆள் என்று விட்டுவிட்டேன். மிஞ்சியது நீ.

நம் தோட்டத்து வழக்கம் உனக்குத் தெரியும். வேலையை விட்டு வெளியே போனவன் பேரைச் செக்ரோலில் வெட்டுவார்கள், பேர் வெட்டினால் காம்பராவை விட வேண்டும். நீ போய் இரண்டு வருஷம். ஒரு நாள்கூட வந்து விளையாடாதவன் பேரில் இவ்வளவு இடம் எப்படிப் பூட்டிக் கிடக்கலாம்? பேரை வெட்டும் பொத்தானை அமர்த்தியதும் பெட்டி ஓர் எச்சரிக்கை காட்டியது. அகராதி வைத்துப் படித்தேன். இவர் சேமித்து வைத்த எல்லாம் அழிந்துவிடும் என்றது. இவர் என்றால் நீ. உன் சாமானை நீ கூட்டிக் கட்டிக்கொண்டு போயிருக்க வேண்டும். அமர்த்தினேன்.

பெட்டி காலியானதும் அம்மாவின் பண்ணையைத் திறந்து அவளுக்குக் காட்டலாம் என்று விருந்தாளி வழியாகப் போனேன். ஒரு வெறும் பொட்டல் வந்தது. மாடு இல்லை, பூசணி இல்லை, வீடு இல்லை. புதிதாகத் தொடங்கலாமா என்று கேட்கிறது. அப்போதுதான் எனக்கு உறைத்தது. அன்றைக்கு நீ அம்மாவை உட்காரவைத்தது உன் பேரில். அவள் தனியாகப் பதியவே இல்லை. நம் லயத்தில் எந்தப் பொம்பளை பேரில் காம்பரா இருந்தது, இதில் மட்டும் இருக்க. உன் பேரை வெட்டியதும் அவள் நிலமும் போய்விட்டது.

வெளியே பீலித் தண்ணீரில் துணி அலசிவிட்டு அம்மா அப்போதுதான் உள்ளே வந்தாள்.

“என்னா இப்பிடி நிக்கிறீங்க?”

“பேர வெட்டிட்டேன். பண்ணையும் அதோட போயிருச்சு.”

“யாரு பேர?”

“பிரதீபன் பேர.”

திரையை எட்டிப் பார்த்தாள். “அப்ப அவன் பேர்ல இருந்ததெல்லாம் போச்சு?”

“எல்லாம்.”

கத்துவாள் என்று பார்த்தேன், கத்தவில்லை. ஈரத் துணி வாளியைக் கீழே வைத்துவிட்டு, “சரி, தேங்காயத் திருவுங்க” என்றாள். ஆத்திரப்பட்டால் தாங்கிக்கொள்ளலாம், இந்த அமைதியை எப்படித் தாங்குவது, நீயே சொல். அன்றிலிருந்து நான் தேங்காய் திருவுகிறேன். பீலியிலிருந்து தண்ணீர் தூக்குகிறேன். விறகு பிளக்கிறேன். அவள் பார்க்கும் நாடகத்தை ஒரு வார்த்தை பேசாமல் கூடவே உட்கார்ந்து பார்க்கிறேன். கொஞ்சம் ஓயலாம் என்று உட்கார்ந்தால் சுவரைப் பார்த்து, “பூசணி இந்நேரம் பழுத்திருக்கும்” என்கிறாள், நான் எழுந்து இன்னும் இரண்டு வாளி தூக்குகிறேன். மத்தியானம் நான் கண்ணை மூடினாலும் யோசனை வருவதில்லை.

ஆனால் ஒரு நம்பிக்கை இருக்கிறது, அதற்காகத்தான் இந்தக் கடிதம். நேற்றுப் பெட்டியை மறுபடி கபூர் நானாவிடம் கொண்டுபோனேன். அவர் இரண்டு தராசில் நிறுத்தார். அவர் மைத்துனருடைய மாணிக்கக்கல் நிறுக்கும் குட்டித் தராசையும் வரவழைத்தார், பெட்டி அதில் உட்காரவில்லை. “அப்பிடியேதான் ஈக்கி சிவனண்ணே, ஒரு கிராம் கொறயல்ல” என்றார். இரண்டு கிலோ எண்ணூற்று நாற்பது. இரண்டு தாளும் என்னிடம் இருக்கின்றன. எடை குறையவில்லை என்றால் ஒன்றும் வெளியே போகவில்லை என்றுதானே அர்த்தம். மாடும் பூசணியும் உள்ளேதான் எங்கோ கிடக்கின்றன, வழிதான் அடைபட்டிருக்கிறது. அங்கே விஷயம் தெரிந்தவர்களிடம் கேட்டு, உன் பேரைத் திரும்பப் பதிந்து, உன் அம்மாவின் நிலத்தை எடுத்துக் கொடுக்க வேண்டியது உன் பொறுப்பு. அப்படியே அந்தத் தொண்ணூற்றிரண்டைப் பற்றியும் கேள்.

நேரத்துக்குச் சாப்பிடு. தண்ணீர் நிறையக் குடி. உன்மேல் எனக்குக் கோபம் எதுவுமில்லை, பேரை வெட்டியது வழக்கப்படி மட்டும்தான். மாரியம்மன் உன்னைக் கண்கலங்காமல் வைத்திருக்கட்டும்.

இப்படிக்கு, உன் அப்பா,
பெ. சிவனு

பி.கு (வியாழக்கிழமை): ஒட்டிய கடிதத்தைப் பிரித்து இதை எழுதுகிறேன். ஒட்டுவதற்கு முன்பு அம்மாவுக்கு வாசித்துக் காட்டியிருக்க வேண்டும், ஒட்டிய பிறகுதான் ஞாபகம் வந்தது. முழுவதையும் கேட்டாள். மூன்று ஏக்கர் என்ற இடத்தில் மட்டும் “நாலு” என்றாள். பிறகு ரிமோட்டை எடுத்து, அந்த வெள்ளைக் கோழியைத் தொட்டு, திரையைப் பார்க்காமலே நாலு எண்ணை அமர்த்தினாள். எல்லாம் அங்கேதான் இருந்தது. மாடுகள் நின்றுகொண்டிருந்தன. பூசணி பழுத்திருந்தது. கழுதை என்னைப் பார்த்தது.

“எப்ப மாத்துன?”

“அவன் ஏர்போட்டுக்குப் போன மறு வாரமே. ஜீவராணி மாத்திக் குடுத்துச்சு.”

“ஏன் எங்கிட்ட சொல்லல?”

“எங்கப்பா பேர்ல இருந்த காம்பராவுல பொறந்தேன். ஒங்கப்பா பேர்ல இருந்த காம்பராவுக்கு வாக்கப்பட்டு வந்தேன். அப்புறம் அது ஒங்க பேருக்கு மாறுச்சு. இதையும் கொண்டுபோய் மகன் பேர்ல வப்பேனா?”

“அப்ப நான் தூக்குன தண்ணி?”

“நல்லாத்தான் தூக்குனீங்க” என்றாள்.

ஜீவராணியும் வந்து பார்த்தாள். அந்த எழுநூறு வீடியோவும் நீ எடுத்தவை அல்லவாம். ரிமோட்டில் உள்ள ஒரு சின்னப் பொத்தானை இரண்டு தரம் தட்டினால் நடந்ததெல்லாம் படமாகப் பதியுமாம். அதை அமர்த்தினால் பந்து மெதுவாக வரும் என்று ஒருவர் இரண்டு வருஷமாக நினைத்திருந்தார். “மாமா, அந்த அவுட்டாகிற ஆள் நீங்கதான்” என்றாள். ஆகவே குப்பை என்று நான் எழுதியதை நீ வாசிக்க வேண்டாம். உன் பேரோடு போனது என்னுடைய அணி, நான்தான் கேப்டன், பதினோராவது போட்டியில் வெல்ல ஒன்பது ஓட்டம் மட்டுமே பாக்கி. அதை மீட்க முடியுமா என்று மட்டும் விசாரி. எடைத் தாள்களைப் படம் எடுத்து வட்ஸ்அப்பில் அனுப்புகிறேன்.

இடம் இப்போது தாராளமாக இருக்கிறது. ஆனால் எனக்குத் தனியாகப் பேர் பதிய அம்மா சம்மதிக்கவில்லை, வேண்டுமானால் அவள் பேரில் இருந்துகொள்ளலாமாம். பண்ணையில் வேலை செய்தால் மாலையில் ஒரு மணி நேரம் கிரிக்கெட். நேற்று நாலு ஏக்கருக்கும் தண்ணீர் ஊற்றினேன். வாழைப்பக்கம் விட்டுப்போயிற்று என்று அரைப்பேர் போட்டு, அரை மணி நேரத்தில் பெட்டியை நிறுத்திவிட்டாள்.