நான் பேசி விரட்டிய பேய்

இந்திப் பேய்ப்படங்களின் இரண்டாம் பாகம் எப்படி இருக்க வேண்டும் என்பது எனக்கு அத்துப்படி. (ஒரு கல்யாண வீடியோகூட எடுத்ததில்லை, அது வேறு விஷயம்.) அந்த அறிவை அன்று வீட்டிலேயே வைத்துவிட்டுப் போயிருக்கலாம்.

சாந்தியை எனக்குப் பார்த்திருந்தார்கள். மலேசியாவில் மூவார் ஊர்ப் பெண், ஜொகூர் பாருவில் ஒரு பல் கிளினிக்கில் வேலை. இரு வீட்டாருக்கும் சம்மதம். அவள் மட்டும், ஒருமுறை பேசிப் பார்த்துவிட்டுச் சொல்கிறேன் என்றாள். படத்துக்குப் போகலாம் என்றதும் அவள்தான். ஒரு இந்திப் பேய்ப்படத்தின் முதல் பாகம் பார்த்துவிட்டுப் பல நாள் விளக்கை அணைக்காமல் தூங்கினாளாம். இப்போது இரண்டாம் பாகம் வந்திருந்தது. துணைக்கு என் தங்கை விமலா.

பார்த்த நாளிலிருந்தே எனக்குச் சாந்தியை ரொம்பப் பிடித்துவிட்டது. எப்படியாவது அசத்திவிட வேண்டும். நான் வேலை பார்ப்பது சிங்கப்பூரில். அங்கேயே தனியாகப் போய் அதே படத்தை முன்கூட்டிப் பார்த்துவிட்டு வந்தேன். பரீட்சைக்குக்கூட நான் அப்படித் தயார் செய்ததில்லை.

விளக்கு அணைந்ததும் ஆரம்பித்தேன். திரையில் மலாய் சப்டைட்டில் வருவதற்குள் தமிழில் சொல்லிவிடுவேன். கதாநாயகி அலமாரியைத் திறக்கப் போனால், பயப்படாதீங்க, இதுல ஒன்னுமில்ல, அடுத்த கதவுலதான் வரும் என்பேன். சாந்தி சிரித்துத் தலையாட்டினாள். அதைப் பாராட்டு என்று எடுத்துக்கொண்டேன். (மடையன் லா நான்!)

படத்தின் உயிரான கட்டம் வந்தது. முதல் பாகத்தில் செத்துப்போன அம்மா, மகளின் கட்டிலருகே வந்து நிற்கப் போகிறாள். சத்தமே இல்லை. அரங்கமே மூச்சைப் பிடித்துக்கொண்டிருந்தது. அந்த நேரம் பார்த்து என் சித்தாந்தத்தை எடுத்துவிட்டேன். பழைய பேயை மறுபடி கூட்டிவந்தால் மட்டும் யாரும் பயப்பட மாட்டார்கள். அது திரும்பி வர நியாயமான காரணம் வேண்டும். அதன்மேல் நமக்குப் பாசம் வர வேண்டும். எல்லாவற்றையும்விட, படத்துக்குச் சும்மா இருக்கத் தெரிய வேண்டும் என்றேன். அமைதியின் அருமையை நான் விளக்கி முடிப்பதற்குள் பேய் வந்து போய்விட்டது.

பின்வரிசையில் இருந்த ஒரு அங்கிள் குனிந்து, "தம்பி, பேயவிட நீங்கதான் லா தொல்லை" என்றார். விமலா சோளப்பொரி டப்பாவால் முகத்தை மூடிக்கொண்டாள்.

சில நாளில் சாந்தி வீட்டிலிருந்து வேண்டாம் என்று பதில் வந்தது. இன்றும் எங்கள் வீட்டில் பேய்ப்படம் போட்டால், விமலா முதலில் என் கையில் முறுக்கு டப்பாவைத் திணித்துவிடுகிறாள், வாய் சும்மா இருக்கட்டும் என்று. பேயையே பேசி விரட்டியவர் உங்கள் மாமா என்று அவள் பிள்ளைகளுக்கும் சொல்லிக்கொடுத்தாகிவிட்டது. நானும் சேர்ந்து சிரிக்கிறேன்.

அன்று கார் நிறுத்துமிடத்தில் சாந்தி சொன்னதை மட்டும் நான் யாரிடமும் சொன்னதில்லை. கதவைத் திறந்து வைத்துக்கொண்டு, கோபமே இல்லாமல் சொன்னாள்.

"பயந்தா உங்க கையப் பிடிச்சுக்கலாம்னுதான் இந்தப் படத்துக்குக் கூப்பிட்டேன். நீங்க என்னைப் பயப்படவே விடலையே."