தடித்த கோட்டில் ஓடாத ஆறு

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

தாங்களும் தங்கள் அச்சகமும், இந்தக் கடிதம் அச்சாகும்வரையாவது, நலமாக இருக்க வேண்டும். நான் வாயை மூடிக்கொண்டிருந்தது போதும். இதற்கு முன் எழுதிய மூன்று கடிதங்களை நீங்கள் போடவில்லை. ஆகவே அவையும் மௌனக் கணக்கில்தான் சேரும்.

நம் ஆறு இரண்டு மலைகளிலிருந்து இரண்டு கிளைகளாக இறங்கி, சந்தைக்குப் பின்னால் ஒன்றாகிறது. ஊரே குடிப்பது அந்தத் தண்ணீரைத்தான். நிலஅளவை வரைபடத்தில் வடக்குக் கிளைக்குத் தடித்த நீலக் கோடு, தெற்குக் கிளைக்கு மெல்லிய கோடு. தடித்தது ஆறாம், மெல்லியது ஓடையாம். பாடப்புத்தகமும் அதையே ஒப்பிக்கிறது. என் மகள் பள்ளியில் கண்ணால் கண்டபடி தெற்கே பெரியதென்று எழுதி ஒரு மதிப்பெண்ணை இழந்தாள். அதை நான் இன்னும் மன்னிக்கவில்லை. இன்று அவள் தெற்குக் கிளையின் அக்கரையில் நர்ஸ். தினமும் படகில்தான் போகிறாள். வெள்ளம் வந்தால் படகு நிற்கும்; அக்கரையில் நாற்பது வீடுகளுக்கு மருந்து கொடுக்க ஆளிருக்காது. பாலமோ வடக்குக் கிளையில் வருகிறது, அடுத்த வாரம் அடிக்கல்! கோடையில் அங்கே ஆடுகூடக் கால் நனையாமல் கடக்கும். பொறியாளரிடம் போய்க் கேட்டேன்.

"சார், மேப்புல எது தடிப்பா இருக்கோ அதுக்குத்தான் பாலம். நீங்க ஆத்தைப் பாக்குறீங்க, நான் ஃபைலைப் பாக்குறேன்."

அன்று பிடித்தது அரிப்பு. உண்மையில் எது பெரியது? கயிறு, மூங்கில் கழி, கைக்கடிகாரம், மிதக்கவிட்டு வேகம் பார்க்க ஒரு பை காலி பாட்டில்கள் சகிதம் கிளம்பினேன். "பீரோ வாங்கறப்ப வாசலை அளக்கலை, அது இன்னும் வெளியில நிக்குது. இப்ப ஆத்தை அளக்கப் போறாராம்!" என்று மனைவி வழியனுப்பினாள். வடக்கில் விட்ட பாட்டில் மூன்று முறை கல்லில் சிக்கிக்கொண்டது; நானே இறங்கித் தள்ளிவிட்டேன். தெற்கிலோ கழி தரை தட்டவில்லை. கடிகாரத்தைப் பார்ப்பதற்குள் பாட்டிலைக் காணோம். படகிலிருந்து எட்டிப் பார்த்தேன். படகோட்டி சட்டையைப் பிடித்து இழுத்தார். "பாட்டில் போனாப் போகட்டும் சார், நீங்களும் கூடவே போயிடாதீங்க. நாளைக்கு உங்க பொண்ணு எனக்குத்தான் ஊசி போடணும். கோவத்துல குத்திடப் போகுது!"

கணக்குப் பார்த்தேன். குறைத்துப் போட்டாலும் தெற்கில் ஐந்து மடங்கு தண்ணீர். இரண்டும் சேருமிடத்தில் நின்றால் குழந்தைக்கும் புரியும்: தெற்கின் செந்நிறத் தண்ணீர் வடக்கின் தெளிந்த நீரை நூறு அடி தூரத்துக்குக் கரையோரமாகவே ஒதுக்கித் தள்ளிக்கொண்டு போகிறது. இத்தனை வருடம் இதே ஊரில் இருந்தும் இதை நான் பார்த்ததில்லை!

இப்படி வரைந்த கழுதை யாரென்று எனக்குத் தெரியும். நானும் அந்த அலுவலகத்தில் ஆறு வருடம் வரைவாளனாக இருந்தவன்தான். எனக்கு வரவேண்டிய பதவி உயர்வைத் தட்டிக்கொண்டு போனானே, அவனுடைய கைவரிசைதான் இது. மூல வரைபடத்தின் மூலையில் வரைந்தவர் கையெழுத்து இருக்கும். தயவுசெய்து அந்தப் பெயரைக் கொட்டை எழுத்தில் போடுங்கள்.

தங்கள் பத்திரிகை இரு கரையும் தொட்டு ஓடட்டும். வீட்டில் எல்லோருக்கும் என் வணக்கம்.

பி.கு.: இதோடு இணைக்கலாமென்று இன்று காலை மூல வரைபடத்தின் நகலை வாங்கினேன். மூலையில் இருப்பது என் கையெழுத்து. இப்போது எல்லாம் ஞாபகம் வருகிறது. சாப்பாட்டு மணி அடித்துவிட்டது. கையில் தடித்த நிப். மாற்றினால் கழுவ வேண்டும். கைக்கு எட்டிய வடக்குக் கிளையை அதிலேயே இழுத்துவிட்டு எழுந்தேன். சாப்பிட்டு வந்து, மிச்சமிருந்த தெற்கை மெல்லிய நிப்பில் முடித்தேன். மகளிடம் சொன்னேன். "அப்ப என் ஒரு மார்க்கை எடுத்தது நீங்கதானாப்பா?" என்றாள்.

ஆகவே கழுதை, கொட்டை எழுத்து இரண்டையும் அடித்துவிடவும். அளவுகளை மட்டும் அடிக்கல்லுக்கு முன் போட்டுவிடுங்கள். இந்த ஆற்றுக்கு நான் போட்ட ஒரு கையெழுத்தே போதும். இதைக் கையெழுத்தில்லாமலேயே தபாலில் சேர்க்கிறேன்.