மணி அடித்ததும் கிளம்பிய முதலமைச்சர்

முதலமைச்சருக்குக் கார் ஓட்டியும் ஊருக்குள் தலைகாட்ட முடியாமல் போனவன் உலகத்திலேயே நான் ஒருவன்தான். எல்லாம் எங்கள் டஸ்டர் சாரால் வந்தது.

ஆயுசில் பாதியைக் கல்லூரியில் பொருளாதாரம் நடத்தியே கழித்தவர். புதுச்சேரி நெல்லித்தோப்புத் தொகுதியில் ஜெயித்தார். இரண்டு கோஷ்டிகள் அடித்துக்கொண்டதில், பொது ஆளாக முதலமைச்சரும் ஆகிவிட்டார். வாத்தியார் புத்தி மட்டும் போகவில்லை.

தட்டாஞ்சாவடியில் ஒரு பட்டறையைத் திறக்கப் போனோம். பொன்னாடை போர்த்த வந்த முதலாளியை நிறுத்தி, "பின்னாடி பேசிக்கிட்டிருக்காங்க பாருங்க, அவங்க ரெண்டு பேரையும் முன்னாடி வந்து உக்காரச் சொல்லுங்க" என்றார். பேசிக்கொண்டிருந்தவர்கள் போலீஸ் அதிகாரிகள். எட்டாவதோடு பள்ளிக்கூடத்தை விட்டு ஓடிவந்தவன் நான்; அந்தக் குரலைக் கேட்டதுமே காருக்குள் குனிந்துகொண்டேன்.

பிறகு நம்பிக்கை வாக்கெடுப்பு வந்தது. ஒரு ஓட்டு குறைந்தாலும் ஆட்சி கவிழும்.

"தண்ணி குடிக்கக்கூட வெளிய வராதீங்க சார்" என்று கெஞ்சினேன்.

"எனக்கே பாடம் எடுக்கிறியா?" என்று சிரித்துக்கொண்டே உள்ளே போனார்.

பிரமாதமாகப் பேசினாராம். அவர் முடிக்கும் நேரம், வெளியே இருக்கும் எம்.எல்.ஏ.க்களை ஓட்டுப்போடக் கூப்பிட மணி அடித்திருக்கிறார்கள். சார் பாதி வாக்கியத்தில் நிறுத்தினார். கையில் இல்லாத சாக்பீஸ் தூளைத் தட்டினார். காகிதங்களைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு நேராகக் காருக்கு வந்துவிட்டார்.

"வண்டிய எடுப்பா."

"ஓட்டுப் போட்டுட்டீங்களா சார்?"

அவர் முகம் வெளுத்தது. இருவரும் ஓடினோம். அதற்குள் கதவைச் சாத்திவிட்டார்கள்; ஓட்டெடுப்பு முடியும்வரை திறக்க மாட்டார்கள். புதுச்சேரியின் முதலமைச்சர் கதவை மெல்லத் தட்டி, "மே ஐ கம் இன்?" என்றார்.

ஒரே ஓட்டில் ஆட்சி போனது.

திரும்பும்போது மார்க்கெட்டைத் தவிர்த்து, வண்டியைச் சந்துக்குள் திருப்பப் பார்த்தேன்.

"நேரா போப்பா. தப்பு பண்ணவன் நான், நீ எதுக்கு ஒளியற?"

மார்க்கெட் வாசலில் வீராம்பட்டினத்து மீன்காரம்மா காரை மறித்தார்.

"இன்னா சார், கிளாஸ் சீக்கிரமே உட்டுட்டாங்களா?"

மார்க்கெட்டே சிரித்தது; யாரோ போனில் வீடியோ எடுத்தார்கள். எனக்கு ஸ்டியரிங்குக்கு அடியில் புகுந்துகொள்ளலாம் போலிருந்தது. சார் கண்ணாடியை இறக்கி, "ஆமாம்மா. ஓட்டுப் போட்ட உங்களுக்கு நான்தான் பதில் சொல்லணும்" என்று கும்பிட்டார். அந்தம்மா வழியை விட்டார்.

இப்போது ஆட்டோ ஓட்டுகிறேன். அந்த வீடியோ இன்னும் யார் போனிலாவது ஓடுகிறது. ஏறுகிறவர்கள் காட்டிச் சிரிக்கும்போது உடம்பே கூசுகிறது. நானும் சேர்ந்து சிரித்துவைக்கிறேன். ஆனால் அவரை மடையன் என்று ஒரு வார்த்தை சொல்லிவிட்டால், நடுவழியிலேயே இறக்கிவிடுகிறேன். காசும் வாங்குவதில்லை.