பான்கேக் உருண்டையும் மாமாவின் முன்பல்லும்

என் மாமனாரின் முன்பல் ஒன்று காணாமல் போனதற்கு நான்தான் காரணம். இதை முதலிலேயே ஒப்புக்கொண்டுவிடுகிறேன். நான் மறைத்தாலும் பிரயோஜனம் இல்லை; சேக்காட்டில் யாரைக் கேட்டாலும் சொல்லிவிடுவார்கள்.

நாங்கள் குடியிருப்பது பருத்திப்பட்டில், ஏரியைப் பார்த்த மாதிரி ஒரு ஃபிளாட்டில். (இது தரகர் சொன்னது. பால்கனிக் கம்பியில் எக்கி நின்று கழுத்தை இடப்பக்கம் ஒடித்தால் கொஞ்சம் தண்ணீர் தெரியும்.) நான், மனைவி கவிதா, ஒன்றாம் வகுப்புப் படிக்கும் மகள் யாழினி. கவிதாவின் அப்பா அம்மா சேக்காட்டில் இருக்கிறார்கள். மாமா ஆவடியில் பாதுகாப்புத் துறைத் தொழிற்சாலையில் தர ஆய்வாளராக இருந்து ஓய்வு பெற்றவர். முப்பத்தைந்து வருடம் இரும்புத் துண்டுகளைக் கையில் வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்து ‘சரி’, ‘சரியில்லை’ என்று சொன்ன மனிதர். இப்போதும் ஒரு வாழைப்பழத்தைக் கொடுத்தால்கூட சுற்றிப் பார்த்துவிட்டுத்தான் உரிப்பார்.

புரட்டாசி முடிந்து வரும் முதல் ஞாயிறு காலை அவர்கள் எங்கள் வீட்டுக்கு டிபனுக்கு வருவதாக ஏற்பாடு. அதற்கு இரண்டு நாள் முன்பு கவிதா கொஞ்சம் சூடாகப் பேசினாள்.

“எங்கப்பா அம்மா வந்தா அவங்ககூட ஒரு அரை மணி நேரம் உக்காந்து பேசியிருக்கேனா நான்? வந்ததுலேர்ந்து போற வரைக்கும் அடுப்படியிலதான் நிக்கிறேன். நீங்க சோபால சாஞ்சிகிட்டு ‘மாமாக்கு இன்னொரு தோசை’ன்னு குரல் குடுக்கறீங்க.”

உண்மைதான். அந்தக் குரலில் நான் காட்டும் உபசாரம் பற்றி எனக்குப் பெருமைகூட உண்டு. ரோஷம் வந்துவிட்டது.

“இந்த ஞாயித்துக்கிழமை டிபன் என் பொறுப்பு. நீ சமையல்கட்டுப் பக்கமே வரக்கூடாது” என்றேன்.

கவிதா என்னைப் பரிதாபமாகப் பார்த்தாள். “மாவு அரைச்சு வச்சிருக்கேன். இட்லி ஊத்திட்டு, வடகறிய கடைல வாங்கிக்குங்க. அது போதும்.”

இட்லி ஊற்றுவதற்கா நான் களத்தில் இறங்கினேன்? கைப்பேசியில் தேடினேன். வெள்ளை வெளேரென்ற ஒரு சமையலறையில், மாவு தெறிக்காத உடை அணிந்த ஒரு பெண்மணி, சாசேஜ் வைத்த பான்கேக் உருண்டை செய்து காட்டினார். கிண்ணம் கிண்ணமாகக் குழி வைத்த ஒரு தட்டு. குழியில் பான்கேக் மாவு. நடுவில் ஒரு துண்டு சாசேஜ். ஓவனில் வைத்து எடுத்தால் முடிந்தது. “ரொம்ப ரொம்ப ஈஸி, பத்தே நிமிஷம்” என்று சிரித்தார். அந்தப் பெண்மணியை நான் இன்றுவரை மன்னிக்கவில்லை.

அவரிடம் இருந்த தட்டும் எங்களிடம் இல்லை, ஓவனும் இல்லை. ஆனால் பணியாரக் கல் இருந்தது. குழி குழிதானே?

சனிக்கிழமை பூந்தமல்லி சாலையில் உறைந்த உணவு விற்கும் கடைக்குப் போய் சிக்கன் சாசேஜ் இரண்டு பாக்கெட் கேட்டேன். காதில் அலுவலக அழைப்பு ஓடிக்கொண்டிருந்தது. கடைக்காரர் பாக்கெட்டை நீட்டி, “சார், மேல ஒரு கவர் கீது. உரிச்சிட்டுதான் போடணும்” என்றார். அதே நேரத்தில் மேலாளர் காதில் ஏதோ கேட்க, நான் “ஓகே, ஓகே” என்று கட்டைவிரலை உயர்த்தினேன். அந்த ஓகே யாருக்கு என்பது பின்னால் வீட்டில் பெரிய விசாரணைக்கு உள்ளானது.

ஞாயிறு காலை ஆறரைக்கே சமையல்கட்டில் இறங்கிவிட்டேன். மைதா, முட்டை, பால், சர்க்கரை, கொஞ்சம் சமையல் சோடா. (கொஞ்சம் என்பது எவ்வளவு என்று அந்தப் பெண்மணி சொன்னபோது பால்காரர் மணி அடித்தார்.) சாசேஜை விரல்கடை அகலத்துக்கு வட்டம் வட்டமாக நறுக்கினேன். ஒவ்வொன்றின் ஓரமும் பளபளவென்று மின்னியது. தரமான சரக்கு என்று நினைத்துக்கொண்டேன்.

முதல் ஈடு வெளியே கரி, உள்ளே கஞ்சி. குச்சியால் புரட்டியபோது மாவு என்னோடு வந்தது, சாசேஜ் கல்லோடு தங்கிவிட்டது. இரண்டாவது ஈட்டில் சோடா தன் வேலையைக் காட்டியது. ஏழு குழியிலும் மாவு பொங்கி எழுந்து, ஒன்றோடொன்று கைகோத்து, ஒரே கூரையாக மூடிக்கொண்டது. அதைப் பெயர்க்க நான் தோசைத் திருப்பி, கத்தி, கடைசியில் ஸ்க்ரூ டிரைவர் வரைக்கும் போனேன். அந்த நேரம் பார்த்து வாசலில் செருப்புச் சத்தம்.

“இன்னா மாப்ள, இன்னிக்கு நீங்கதான் சமையலாமே” என்றபடி மாமா வந்தார். பின்னாலேயே அத்தை. புரட்டாசி முழுக்க இருவரும் கவிச்சி தொடவில்லை. அதிலும் மாமாவுக்கு அந்த மாதத்தில் நாள் எண்ணுவதுதான் முக்கிய வேலை. இந்தச் சாசேஜ்தான் அவருடைய நோன்பை முடிக்கப் போகிறது என்பதை அவர் முகத்தைப் பார்த்தபோதுதான் உணர்ந்தேன்.

கூடத்தில் கவிதா அம்மாவின் தோளில் சாய்ந்து நிம்மதியாகப் பேசிக்கொண்டிருந்தாள். உள்ளே நான் வெந்துகொண்டிருந்தேன். மணி எட்டரை. ஒன்பது. ஒன்பதே கால்.

“மாப்ள, நான் வந்து ஒரு கை குடுக்கட்டா?” என்று அத்தை குரல் கொடுத்தார்.

“வேணாம் அத்தை, அஞ்சு நிமிஷம்.” இதை நான்கு முறை சொன்னேன்.

யாழினி சமையல்கட்டுக்கும் கூடத்துக்கும் நடந்து செய்தி சேகரித்துக்கொண்டிருந்தாள். “அப்பா கருப்பா ஏழு செஞ்சு குப்பைல போட்டுட்டாங்க” என்று அவள் அறிவித்தது எனக்குத் தெளிவாகக் கேட்டது.

ஒருவழியாகத் தீயைக் குறைத்து, அரைக்குழி மட்டும் மாவு ஊற்றி, இருபத்தொரு உருண்டைகள் தேற்றினேன். தட்டில் அடுக்கியபோது, சத்தியமாகச் சொல்கிறேன், அழகாகவே இருந்தன. மாமா ஒன்றை எடுத்து, விரல்களுக்கிடையே உருட்டி, வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார்.

“சைஸ் எல்லாம் ஒரே மாதிரி கீது. பரவால்லையே” என்றார். அவர் வாயிலிருந்து அதற்கு மேல் பாராட்டு வந்து யாரும் கேட்டதில்லை. நான் பூரித்து நின்றேன்.

மாமா கடித்தார். மென்றார். மேலும் மென்றார். அவர் தாடை வேலை செய்த நேரத்தில் நான் இன்னொரு ஈடு எடுத்திருக்கலாம்.

“எப்படி மாமா இருக்கு?”

“ம்.”

“இன்னொண்ணு வைக்கட்டா?”

வேண்டாம் என்று கையசைத்துவிட்டு, காற்று வாங்கப் போகிறவர் மாதிரி பால்கனிக்குப் போனார். திரும்பி வந்தபோது வாய் இறுக மூடியிருந்தது. அத்தை எது கேட்டாலும் ‘ம்’, ‘ம்ஹும்’. சுவையில் மெய்ம்மறந்துவிட்டார் என்றுதான் நினைத்தேன். (ஆமாம், நினைத்தேன்.)

யாழினிக்கு அப்போதுதான் முன்பல் இரண்டு விழுந்திருந்தது. யாரைப் பார்த்தாலும் பல்லைக் காட்டச் சொல்லி எண்ணிப் பார்ப்பது அவளது அப்போதைய பொழுதுபோக்கு. தாத்தாவின் மடியில் ஏறி, உதட்டைத் தன் விரலாலேயே தூக்கிப் பார்த்துவிட்டாள்.

“ஐ, தாத்தாக்கும் பல்லு விழுந்துடுச்சி.”

மூன்று மாதம் முன்புதான் மாமா அந்த முன்பல்லுக்கு உறை மாதிரி கேப் போட்டிருந்தார். அன்று மாலை ஆவடியில் ஒரு மண்டபத்தில் ஓய்வு பெற்ற தொழிலாளர்களின் சந்திப்பு. வரவேற்புரை மாமா. இரண்டு பக்கம் எழுதி, ஒரு வாரமாகக் கண்ணாடி முன் நின்று ஒத்திகை பார்த்திருந்தார்.

தரையில் செய்தித்தாளை விரித்து, மீதி உருண்டைகளை ஒவ்வொன்றாகப் பிட்டுப் பல்லைத் தேடினோம். மூன்று மணி நேர உழைப்பு என் கண்முன்னே தூளானது. பாதியில் கவிதா ஒரு துண்டிலிருந்து கண்ணாடி வளையல் மாதிரி எதையோ இழுத்து எடுத்தாள்.

“இது என்னங்க?”

“சாசேஜ்தான்.”

“சாசேஜ் இல்ல. பிளாஸ்டிக். உரிக்காமயா போட்டீங்க?”

கடைக்காரரின் குரலும் என் கட்டைவிரலும் நினைவுக்கு வந்தன. மீதி இருபதையும் பிட்டாயிற்று, பல் இல்லை.

“முழுங்கிட்டாரு” என்று அத்தை தீர்ப்புச் சொன்னார். “ஆஸ்பத்திரிக்குப் போயி படம் எடுத்துப் பாத்துடலாம். வயித்துல பல்ல வச்சிகினு எப்படி மேடை ஏறுவாரு?”

சிரிக்கிற விஷயமாக அப்போது எனக்குத் தோன்றவில்லை. வண்டிச் சாவியை எடுத்துக்கொண்டு, “கிளம்புங்க மாமா” என்றேன். மாமா எழவில்லை.

“முழுங்கலை” என்றார். இடைவெளி வழியாகக் காற்று விசிலடித்தது. “மெல்ல முடியல மாப்ள. துப்புனா உங்க மனசு கஷ்டப்படுமேன்னு பால்கனில காக்காக்கு வச்சிட்டேன். அது லபக்குனு தூக்கிகினு பூட்ச்சி. அப்பால நாக்க வச்சிப் பாத்தா, பல்லு இல்ல.”

மாமாவின் பல் ஏரிப் பக்கமாகப் பறந்துபோயிருந்தது.

காக்கை கீழே போட்டிருக்கலாம் என்ற நப்பாசையில் இறங்கிப் போய், நிறுத்தியிருந்த கார்களுக்கு அடியில் குனிந்து தேடினேன். வாட்ச்மேன் அண்ணன் வந்து நின்றார்.

“இன்னா சார் தேடிக்கினு கீறீங்க?”

“பல்லு.”

“யார்து?”

“மாமனாரோடது.”

அவர் என் முகத்தைப் பார்த்தார். பிறகு என் கைகளைப் பார்த்தார். “உடு சார். குடும்பம்னா நாலும்தான் இருக்கும்” என்று சொல்லி, தோளைத் தட்டிவிட்டுப் போனார். அடுத்த ஒரு மாதம் குடியிருப்பில் பெரியவர்கள் யாரும் என்னோடு தனியாக லிப்டில் ஏறவில்லை.

மேலே போனால் அத்தை இட்லி ஊற்றி, தக்காளிச் சட்னி அரைத்திருந்தார்; எல்லோரும் சாப்பிட்டுக்கொண்டிருந்தார்கள். மொத்தம் இருபது நிமிடம் ஆகியிருக்கும். எரிச்சலில் எனக்கு ஆறு இட்லி இறங்கியது.

ஞாயிற்றுக்கிழமை திறந்திருக்கும் பல் மருத்துவரைத் தேடிக் காட்டுப்பாக்கம் வரை மாமாவை வண்டியில் கூட்டிப் போனேன். புதிதாகச் செய்ய ஒரு வாரம் ஆகும் என்றார் டாக்டர். “பழைய கேப் இருந்தா இப்பவே ஒட்டிடலாம். எங்க அது?” நான் உண்மையைச் சொன்னேன். அவர் பேனாவை மூடி வைத்துவிட்டு உதவியாளரையும் கூப்பிட்டு, இன்னொரு முறை சொல்லச் சொன்னார்.

மாலை மண்டபத்தில் மூன்றாவது வரிசையில் உட்கார்ந்திருந்தேன். மாமா மேடை ஏறினார். “சகோதர சகோதரிகளே” என்று ஆரம்பித்தார். ஒலிபெருக்கியில் அது குக்கர் விசிலாக வந்தது. முன்வரிசையில் யாரோ சிரித்தார்கள். மாமா காதெல்லாம் சிவந்து நின்றார். எனக்கு நாற்காலியோடு பூமிக்குள் போய்விடலாம் போல இருந்தது. பிறகு அவர் காகிதத்தை நான்காக மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டார்.

“எழுதினு வந்ததப் படிக்க முடியாது. ஏன் முடியாதுன்னு சொல்றேன், கேளுங்க” என்றார்.

சாசேஜிலிருந்து வாட்ச்மேன் வரை ஒன்று விடாமல் சொன்னார். முந்நூறு பேர் கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரித்தார்கள். முடிவில் என்னை எழுந்து நிற்கச் சொன்னார். நின்றேன். எனக்குக் கிடைத்த கைதட்டல் தலைவருக்குக்கூடக் கிடைக்கவில்லை. வீட்டுக்குத் திரும்பும்போது மாமா பின்னால் உட்கார்ந்து, “வுடுங்க மாப்ள. எழுதுனத படிச்சிருந்தா அத்தினி பேரும் தூங்கியிருப்பான்” என்றார். எனக்கு அழுகை வரும் போலிருந்தது. ஹெல்மெட் இருந்ததால் மானம் தப்பியது.

மாமா பிறகு கேப் போட்டுக்கொள்ளவில்லை. கழற்றி மாட்டும் பல்லாகவே செய்துகொண்டுவிட்டார். இப்போதும் ஞாயிற்றுக்கிழமைகளில் சேக்காட்டிலிருந்து கிளம்புவதற்கு முன் அத்தை போன் செய்வார். நலம் விசாரிப்பெல்லாம் கிடையாது. “இன்னிக்கு யாரு சமையல்?” என்பதுதான் முதல் கேள்வி. கவிதா வேண்டுமென்றே, “அவர்தாம்மா” என்பாள். மறுமுனையில் அத்தை மாமாவிடம் சொல்வது எங்கள் கூடம் முழுக்கக் கேட்கும்.

“ஏங்க, பல்ல கழட்டி ஊட்லயே வச்சிட்டு வாங்க.”