அப்பா வாயைத் திறந்த வெள்ளிக்கிழமை

முசஃபா, அபுதாபி
14.5.2006

அன்பும் மரியாதையும் மிகுந்த சீதாலட்சுமி சித்திக்கு, அகிலா வணக்கத்துடன் எழுதுவது. இங்கே அனைவரும் நலம். இந்த வரியை எழுதத்தான் பத்து நாள் காத்திருந்தேன். அம்மா போனில் அழுததைக் கேட்டு, அப்பாவுக்காகச் சித்தப்பாவின் தலையை மொட்டையடிப்பதாக வேண்டிக்கொண்டீர்களாமே, இன்னும் அடிக்கவில்லை என்றால் நிறுத்திவிடுங்கள்.

நடந்ததைச் சொல்கிறேன். கராஜில் வெல்டிங் ஃபோர்மேன் என்பதால் அப்பா வீட்டிலும் கத்தித்தான் பேசுவார், போனில் அவர் பேசினால் நீங்களே ரிசீவரைத் தள்ளிப் பிடிப்பீர்கள். அப்படிப்பட்டவர் திடீரென்று பேச்சை நிறுத்திவிட்டார். துண்டால் வாயைப் பொத்திக்கொண்டு நாற்காலியில் உட்கார்ந்தார், சோறு வேண்டாம் கஞ்சி போதும் என்று கையைக் காட்டினார், அதையும் சுவரைப் பார்த்துத் திரும்பிக் குடித்தார், போகும்போதும் வரும்போதும் என் தலையைத் தடவினார். அம்மா பயந்துபோய்ப் பக்கத்து அறை சோமாவதி ஆன்டியிடம் சொன்னாள். ஆன்டி பதுளைப் பக்கத்துச் சிங்களவர், தமிழ் நன்றாகப் பேசுவார், ஒன்பதாவதோடு பள்ளியை விட்ட எனக்குத் தையல் கற்றுத்தருகிறவர், மெஷின் ஓடும்போதெல்லாம் அவர்கள் ஊர்க் கதை சொல்லுவார்.

"எங்கட பழைய கதையில அப்பாமாருக்கு வாய் ஓயாது மகள். ஒருத்தன் மகனைக் காட்டுக்கு விரட்டுவான், இன்னொருத்தன் ஒரே நாள்ல வயலை உழுதவனுக்கு மகளைத் தாறன் எண்டு சத்தம் போடுவான். இப்ப டிவி நாடகத்தில வாற அப்பா பேசவே மாட்டார். கதிரையில இருப்பார், மகள்ட தலையைத் தடவுவார். அப்பிடி எண்டா ரெண்டில ஒண்டு. பெரிய வருத்தத்தை மறைக்கிறார், இல்லாட்டி மகளுக்குச் சொல்லாம கல்யாணத்தை முடிச்சிட்டார்."

ஆன்டி பேச்சில் வருத்தம் என்றால் நோய். நோயென்றால் தாங்க முடியாது, நோயில்லையென்றால் எனக்குக் கல்யாணம். இந்த யோசனையில் ஒரு ரவிக்கைக்கு மூன்று கை வெட்டிவிட்டேன்.

ஆன்டியே வழியும் சொன்னார். அவர்கள் வழக்கப்படி பிள்ளைகள் வெற்றிலைக் கொத்தைக் கொடுத்துக் காலில் விழுந்தால் எந்தக் கதையிலும் அப்பா மனம் இளகிப் பேசிவிடுவாராம். வெள்ளிக்கிழமை வெற்றிலையோடு போனேன். தலையைக் குனிந்தபடியே போனதால், அப்பாவோடு வேலை செய்யும் பாண்டித்துரை மாமா எதிரே உட்கார்ந்திருந்ததைப் பார்க்கவில்லை. சவுதியில் யான்புவில் வேலை பார்க்கும் தன் மகன் மணிமாறனுக்குப் பெண் கேட்கத்தான் வந்திருக்கிறார்.

"பாத்தியா அம்மையப்பா, நீ வாயத் தொறக்கல, பொண்ணு வெத்தலையே கொண்டாந்துருச்சு. சம்மதத்த இதுக்கு மேல எப்படிச் சொல்லும்? தங்கச்சி, ஒரு தட்டு எடும்மா, இப்பவே மாத்திக்குவோம்" என்று அம்மாவைப் பார்த்துச் சொன்னார் மாமா.

அப்பா துண்டை வீசி எறிந்தார். மேல்வரிசையில் ஒரு பல்கூட இல்லை.

"தட்டும் கெடையாது தாம்பாளமும் கெடையாதுய்யா. எம்பொண்ணுக்குப் பத்தொம்பதுதான் ஆவுது. தையல் படிச்சு முடிச்சு இருபத்தொண்ணு ஆகட்டும்" என்று காற்றும் எச்சிலுமாகக் கத்தினார். பற்கள் ஆடியதால் மொத்தமாகப் பிடுங்கிவிட்டார்களாம். பல்செட்டு வரும்வரை கராஜில் சிரிப்பார்களே என்று டூட்டி முழுக்க வெல்டிங் முகமூடியைக் கழற்றாமலே இருந்திருக்கிறார்.

"எங்கிட்டயாவது சொல்லக் கூடாதா?" என்றாள் அம்மா.

"நீதான் மொதல்ல சிரிப்ப."

"அவ தலைய எதுக்குத் தடவுனீங்க?"

"சும்மாதான். பேச முடியலல்ல."

சித்தி, அன்றைக்குத்தான் வயிறு நிறையச் சாப்பிட்டேன். நாடகத்தில் பல் டாக்டர் வருவதே இல்லை என்று சோமாவதி ஆன்டிதான் வருத்தப்பட்டார்.

சித்தப்பாவுக்கும் அவர் முடிக்கும் என் வணக்கங்கள்.

உங்கள் மகள்
அகிலா

பி.கு.: நேற்று மணிமாறன் யான்புவிலிருந்து போன் செய்தார். தனக்கும் இப்போது கல்யாணம் வேண்டாம் என்று சொல்லத்தான். அதைச் சொல்லி முடிக்க அரை மணி நேரம் ஆனது. நான் 'உம்' மட்டும்தான் சொன்னேன். இருபத்தொன்று என்பது கொஞ்சம் அதிகமோ என்று அப்பாவிடம் நீங்களாகக் கேட்பதுபோலக் கேட்டுப்பாருங்கள். நான் எழுதியதாகச் சொல்ல வேண்டாம்.